காலண்டரில் இல்லாத ஆல்ப்ஸ்

ஆல்ப்ஸ் என்றதும் பச்சைப் புல்லும் மணி கட்டின பசுவும்தானே ஞாபகம் வரும் உங்களுக்கு? ஜான் பெர்ஜரின் ‘பிக் எர்த்’ (1979) கதைகளைப் படித்தால் புல்லை அப்படிப் பார்க்க மாட்டீர்கள். பனிக்காலம் முழுக்க மாடு கொட்டிலில். அதற்கான தீனியைக் கோடையிலேயே சரிவில் அறுத்து, காயவைத்து, மழைக்கு முன் பரணில் ஏற்றியாக வேண்டும். பெர்ஜர் லண்டன்காரர், 1972-ல் புக்கர் பரிசு வாங்கினவர். பிரான்ஸில் ஜிஃப்ர் பள்ளத்தாக்குக் கிராமத்தில் குடியேறி, அண்டை வீட்டாருடன் புல் அறுத்துக்கொண்டே எழுதினார்.

ஆரம்பத்திலேயே ஒரு பசுவை வெட்டுகிறார்கள். கண்ணீர் கிடையாது, வேலை மட்டும்.

லூஸி கப்ரோல்தான் புத்தகத்தின் உயிர். குள்ளச்சி. உடன்பிறந்தவர்களே துரத்திவிட, காளான் பொறுக்கி, எல்லை தாண்டி சிகரெட் கடத்திப் பிழைக்கிறாள். கொலையான பிறகும் பேச வருகிறாள்!

பின்னுரையில், பிழைத்துக் கிடப்பதே விவசாயி வாழ்க்கை என்று பெர்ஜர் நீளமாக லெக்சர் அடிக்கிறார். எதற்கு சார்? லூஸியே சொல்லிவிட்டாளே.