மெசப்பொட்டேமியா தந்தது என்ன? – ஒரு பழைய நூலின் மறுபார்வை

நிறமாலைமானியைக் கையாண்ட மாணவர்களுக்கு அதன் வட்ட அளவுகோல் நினைவிருக்கும். ஒரு பாகைக்கு இரண்டு பிரிவுகள். வெர்னியரில் முப்பது பிரிவுகள். மீச்சிற்றளவு ஒரு நிமிடம். ஆய்வுக்கூடத்தில் ஒருநாள் இளங்கலை மாணவர் ஒருவர், “மீட்டரை நூறாகப் பிரித்தவர்கள் பாகையை மட்டும் ஏன் சார் அறுபதாகப் பிரித்தார்கள்?” என்று கேட்டார்.

இதற்கு விடை காண இன்றைய இராக் நாட்டின் தென்பகுதிக்குச் செல்ல வேண்டும். டைகிரிஸ், யூப்ரடீஸ் ஆறுகளுக்கு இடைப்பட்ட மெசப்பொட்டேமியாவில் சுமேரியரும், அவர்களுக்குப் பின் பாபிலோனியரும் அறுபதை அடியாகக் கொண்டு கணக்கிட்டனர். 2, 3, 4, 5, 6 ஆகிய எல்லா எண்களாலும் மீதியின்றி வகுபடும் வசதியான எண் அது. பாபிலோனியரிடமிருந்து கிரேக்க வானியலார் அதை எடுத்துக்கொண்டனர். பாகையின் அறுபதில் ஒரு பங்கை ‘முதற் சிறு பகுதி’ என்றும், அதன் அறுபதில் ஒரு பங்கை ‘இரண்டாம் சிறு பகுதி’ என்றும் பிற்கால இலத்தீன் நூல்கள் அழைத்தன. ‘மினிட்’, ‘செகண்ட்’ என்ற சொற்கள் அவற்றின் மிச்சமே. பிரெஞ்சுப் புரட்சி அரசு 1793-ல் ஒரு நாளுக்குப் பத்து மணி, ஒரு மணிக்கு நூறு நிமிடம் என்று சட்டம் செய்து பார்த்தது. 1795-ல் அதைக் கைவிட்டது!

அம்மாணவரிடம் நான் கொடுத்த நூல், ஆஸ்திரேலியாவில் பிறந்து பிரிட்டனில் பணியாற்றிய தொல்பொருள் அறிஞர் வி. கார்டன் சைல்ட் 1936-ல் வெளியிட்ட ‘மேன் மேக்ஸ் ஹிம்செல்ஃப்’. மனிதன் தன்னைத் தானே ஆக்கிக்கொள்கிறான் என்பது தலைப்பின் பொருள். பயிர்த்தொழிலின் தோற்றத்தைப் ‘புதிய கற்காலப் புரட்சி’ என்றும், நகரங்களின் தோற்றத்தை ‘நகரப் புரட்சி’ என்றும் சைல்ட் பெயரிட்டார். நம் பாடநூல்களில் இன்றும் வழங்கும் சொற்கள் அவை. அவற்றால் விளைந்த நன்மையும் தீமையும் கொஞ்சமல்ல.

பனிக்காலம் முடிந்து நிலம் வறண்டபோது மனிதரும் விலங்குகளும் தாவரங்களும் நீர்நிலைகளின் ஓரத்தில் நெருக்கப்பட்டனர், அந்த நெருக்கத்தில் பயிர்த்தொழிலும் கால்நடை வளர்ப்பும் பிறந்தன என்பது சைல்டின் கருத்து. இது இன்று நிற்கவில்லை. 1948 முதல் இராபர்ட் பிரெய்ட்வுட் என்ற அமெரிக்க அறிஞர் இராக்கின் வடகிழக்கில் ஜார்மோ என்னும் சிற்றூரைத் தோண்டினார். காட்டுக் கோதுமையும் காட்டாடும் இயல்பாக வாழ்ந்த மலையடிவாரம் அது, மழை உண்டு. உழவு பிறந்தது பெரிய ஆற்றங்கரையில் அன்று, இத்தகைய மலைச்சரிவுகளில்தான். ஆற்றுச் சமவெளியின் வாய்க்கால்களும் நகரங்களும் பல ஆயிரம் ஆண்டுகள் பிந்தியவை. தேர்வுத்தாள்களில் இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்பி எழுதுவதை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

‘புரட்சி’ என்ற சொல்லைப் பற்றியும் கூற வேண்டும். அது நெடுங்காலம் நடந்த ஒன்றின் முடிவு என்று சைல்ட் எச்சரிக்கத்தான் செய்கிறார். ஆனால் சொல் ஓடிய வேகத்தில் எச்சரிக்கை பின்தங்கிவிட்டது. காட்டுக் கோதுமையின் கதிர் முற்றியவுடன் உதிர்ந்துவிடும்; உதிராத கதிர் ஒன்றிரண்டே இருக்கும். அறுத்து வந்து மறுபடியும் விதைக்கும்போது உதிராத வகை மெல்ல மெல்லப் பெருகும். இம்மாற்றம் 20 முதல் 200 ஆண்டுகளுக்குள் முடிந்திருக்கக்கூடும் என்று 1990-ல் ஒரு கணக்கு வெளியாயிற்று. வட சிரியாவிலும் தென்கிழக்குத் துருக்கியிலும் கிடைத்த கருகிய கதிர்த்துண்டுகளை எண்ணிப் பார்த்த தன்னோ, வில்காக்ஸ் இருவரும், ஓராயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று என்று 2006-ல் காட்டினர். நாற்பது தலைமுறைக்கு மேல்! தாம் ஒரு புரட்சி செய்வதாக அவர்களில் எவரும் நினைத்திருக்க முடியாது.

முதலில் உழவு, பிறகு உபரி, அதன்பின் பெரிய கட்டடம் என்ற வரிசையும் ஆட்டம் கண்டுள்ளது. துருக்கியின் கோபெக்லி தெபேயில் 1995 முதல் வெளிப்பட்ட செதுக்குத் தூண்களை, கி.மு. 9500 அளவில், பயிர்களைப் பழக்காத வேட்டை மக்கள் நிறுத்தியிருக்கிறார்கள்.

நூலில் என்னைத் தூங்கவிடாத பகுதி இறுதி இயல். கி.மு. 3000-க்கு முன் ஏர், சக்கரம், பாய்மரம், செம்பு உருக்குதல் என்று கண்டுபிடிப்புகள் குவிந்தன. நகரங்கள் தோன்றிய பின் இரண்டாயிரத்துச் சொச்சம் ஆண்டுகளில் அவற்றுக்கு ஈடானவை நான்கே என்கிறார் சைல்ட். பாபிலோனிய எண்முறை, மலிவான இரும்பு, அகரவரிசை எழுத்து, நகருக்கு நீர் கொணரும் கால்வாய் ஆகியவையே அவை. காரணம்? கையால் செய்பவன் தாழ்ந்தான், எழுதத் தெரிந்தவன் உயர்ந்தான். இருவருக்கும் இடையே பேச்சு நின்றது. இதைப் படித்தபோது எங்கள் ஆய்வுக்கூட உதவியாளரை நினைத்துக்கொண்டேன். பட்டகத்தை நொடியில் சரிசெய்யும் அவருடைய விரல்கள் அறிந்ததை எந்தச் செய்முறைக் குறிப்பேட்டிலும் நாங்கள் எழுதியதில்லை.

ஆயினும் சைல்டின் தராசு ஒருபக்கம் சாய்ந்தது. எண்முறையைக் கணக்கில் சேர்த்தவர், அதனால் பிறந்த கணிதத்துக்கு எடை தரவில்லை. யேல் பல்கலைக்கழகத்தில் உள்ளங்கையளவு களிமண் பலகை ஒன்று உள்ளது. 1945-ல் நாய்கபவரும் சாக்ஸும் அதை வெளியிட்டனர். சுமார் 3,700 ஆண்டுப் பழமையான அதில் ஒரு சதுரமும் மூலைவிட்டங்களும், 1, 24, 51, 10 என்ற எண்களும் உள்ளன. அறுபதின் அடியில் கூட்டிப் பாருங்கள்: 1.414213 வரும். இரண்டின் வர்க்கமூலம், ஆறாம் தசமத்தில்தான் பிசகுகிறது! எழுத்தாளர் பள்ளி மாணவன் ஒருவனின் பயிற்சி அது என்று கருதுகிறார்கள். படித்தவர் கூட்டத்தை வெறும் தடைக்கல் என்று தள்ளிவிட முடியுமா?

இன்னொரு குறை: அந்த மண் என்ன ஆயிற்று என்பதைச் சைல்ட் போதிய அளவு கேட்கவில்லை. வடிகால் இல்லாத பாசனத்தால் நிலத்தடி நீர் உயர்ந்து உப்பு மேலே வந்தது. உப்பைத் தாங்காத கோதுமை குறைந்து, தாங்கும் வாற்கோதுமை பெருகியது என்று 1958-ல் யாக்கப்சனும் ஆடம்சும் எழுதினர். உப்பின் பங்கை அவர்கள் மிகைப்படுத்திவிட்டனர் என்று பின்னர் மறுத்தவர்களும் உண்டு. எப்படியாயினும், வாய்க்காலின் புகழைப் பாடும் நூலில் வடிகாலுக்கும் சில பக்கங்கள் இருந்திருக்கலாம்.

கார்பன்-14 கணிப்பு 1949-ல்தான் வந்தது. ஆகவே நூலிலுள்ள பழங்கால ஆண்டுகளைப் பென்சிலால் திருத்திக்கொண்டு படியுங்கள். நேரமில்லாதவர்கள் இறுதி இயலை மட்டுமாவது படித்துவிட்டு என்னோடு வாதிட வாருங்கள். அந்த மாணவர் ஏற்கெனவே வந்துவிட்டார். அவர் சைல்டின் கட்சி!