துருப்பிடித்த பேட்டை

வாங் பிங் என்ற சீன டைரக்டரின் 'தண்டவாளத்துக்கு மேற்கே' 9 மணி 11 நிமிஷம் ஓடுகிற டாக்குமெண்டரி. இதைச் சொன்னதுமே நண்பர்கள் எழுந்து போய்விடுகிறார்கள். போகட்டும். மூன்று பாகங்கள், நாளைக்கு ஒன்றாகப் பார்க்கலாம். நான் அப்படித்தான் பார்த்தேன்.

வடகிழக்குச் சீனாவில் ஷென்யாங் நகரம். அங்கே ரயில்பாதைக்கு மேற்கே உள்ள ஆலைப் பேட்டை 1930-களில், ஜப்பானியர் ஆதிக்கத்தின்போது, யுத்தத் தளவாடங்களுக்காக எழும்பியது. பின்னால் சர்க்கார் சொத்தாகிப் பல தலைமுறைக்குச் சோறு போட்டது. 1990-களில் நொடித்தது. 1999 முதல் 2001 வரை ஒரு சின்ன டிஜிட்டல் காமிராவுடன் வாங் பிங் அங்கே சுற்றியிருக்கிறார்.

பாழடைந்த ஆலைகளைப் படமெடுப்பது இப்போது ஒரு மோகமாகிவிட்டது. உடைந்த ஜன்னல், அதன் வழியே ஒரு கீற்று வெயில், துருவேறிய சக்கரம், பின்னணியில் சோக வாத்தியம்! அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அங்கே உழைத்தவன் ஒருவனையும் காணோமே என்று எனக்கு எரிச்சல் வரும். ஆளில்லாத சுவருக்கு ஞாபகம் ஏது?

வாங் பிங் ஆட்கள் போவதற்கு முன்பே போய்விட்டார். உலோகம் உருக்கும் ஆலையின் ஓய்வறையில் தொழிலாளிகள் சீட்டாடுகிறார்கள். குளித்துவிட்டு அம்மணமாக நடமாடுகிறார்கள். சண்டை போடுகிறார்கள். வராத சம்பளத்தைப் பற்றிப் பேசுகிறார்கள். உடம்பில் ஏறிய ஈய விஷத்துக்காக ஆஸ்பத்திரியில் போய்ப் படுக்கிறார்கள். பிறகு ஆலை மூடப்படுகிறது. ஆள் போன இடங்களில் தண்ணீர் உறைந்து கிடக்கிறது. விளக்கம் சொல்லும் குரல் கிடையாது, சங்கீதமும் கிடையாது. நாமும் மணிக்கணக்கில் அங்கேயே குடியிருந்துவிட்டோமே, போதாதா? நீளத்துக்கு நியாயம் அதுதான்.

இரண்டாம் பாகத்தில் அந்த நியாயம் கொஞ்சம் தளர்கிறது. தொழிலாளர் குடியிருப்பின் இளைஞர்கள் தெருவில் திரிகிற காட்சிகள் திரும்பத் திரும்ப வந்து அலுப்புத் தட்டுகின்றன. வீடுகளை இடிக்க உத்தரவு வந்து, மின்சாரம் போனபின்பும் சிலர் இருட்டில் வீம்பாக உட்கார்ந்திருக்கும்போதுதான் படம் நிமிர்கிறது.

மூன்றாம் பாகம் சரக்கு ரயிலைச் சுற்றி நடக்கிறது. தண்டவாளத்தோரம் ஒரு ஒற்றைக்கண் கிழவர், மகன்களோடு கரி பொறுக்கிப் பிழைக்கிறார். அவரைப் பிடித்துக்கொண்டு போய்விடுகிறார்கள். மகன் ஒரு பிளாஸ்டிக் பையைப் பிரித்துப் பழைய குடும்பப் போட்டோக்களை எடுத்துப் பார்க்கிறான், அழுகிறான். அவ்வளவே காட்சி. எங்களைப் போன்ற கதாசிரியர்களிடம் அகப்பட்டிருந்தால், போட்டோவில் இருப்பவர் யார், எவர் என்று இரண்டு பக்கம் தீட்டியிருப்போம். எனக்குப் பொறாமையாகவே இருந்தது.

அழுகிற பையனை இப்படி விடாமல் படமெடுக்கலாமா என்று ஒரு கேள்வி வரும். என் மனைவி கேட்டாள். கிழவர் விடுதலையாகி வந்து, ஓட்டலில் அந்த மகன் குடித்துவிட்டு அவர்முன் உடைந்துபோகும் இடத்தில் அவள் எழுந்தே போய்விட்டாள். எனக்கென்னவோ அது களவாகத் தோன்றவில்லை. நாள்கணக்கில் வந்துபோய்ப் பழகிய மனிதனுக்கு எதிரில்தான் அந்தப் பையன் பையைப் பிரிக்கிறான்.