காளையனும் கொடுக்காப்புளியும்

'ஆரண்ய காண்டம்' படத்தில் தாதா சிங்கபெருமாளைக் கொண்டாடுபவர்கள் உண்டு, அவருடைய அடியாள் பசுபதியைக் கொண்டாடுபவர்களும் உண்டு. ஆனால் இயக்குநர் தியாகராஜன் குமாரராஜாவின் கை தேர்ந்தது என்று காட்டுவது காளையன்தான். ஜமீன் கரைந்து, சேவலும் குடியுமாகப் பட்டணம் வந்து சேர்ந்த மனிதர். அந்த வேடத்தில் நடித்த, கூத்துப்பட்டறை நாடகக் குழுவில் பயின்ற குரு சோமசுந்தரத்துக்கு இதுவே முதல் படம். நாக்கு குழறினாலும் பழைய மிடுக்கை விடாத அந்தப் பேச்சும், அடி வாங்கும்போதுகூட மாறாத அந்த அசட்டுத்தனமும் மேடையில் பழகிய உடம்புக்கே வரும். காளையனுக்கே தகப்பனாக நடந்துகொள்பவன் மகன் கொடுக்காப்புளி. அப்பனைப் பிடிக்குமா என்று பசுபதி கேட்கும்போது, பையனின் பதிலில் சலிப்பும் பாசமும் பிரிக்க முடியாமல் கலந்து வரும்.

குமாரராஜாவின் துணிச்சல் வசவிலும் படுக்கையறையிலும் இருப்பதாகச் சொல்வது பாதி உண்மை. அப்பன் எப்படி இருக்கிறானோ அப்படியே ஏற்றுக்கொள்ளும் பிள்ளைகளைப் படைத்தாரே, அதுதான் பெரிய கலகம். 'சூப்பர் டீலக்ஸ்' (2019) படத்தில் ஷில்பா என்ற திருநங்கையாகத் திரும்பிவரும் தகப்பனை ராசுக்குட்டி எந்தத் தயக்கமும் இல்லாமல் ஏற்றுக்கொள்கிறான். ஷில்பாவின் சித்திரிப்பைத் திருநர் செயல்பாட்டாளர்கள் சிலர் கண்டித்தார்கள். அந்தக் கண்டனத்தில் நியாயம் உண்டு. ஆனாலும் ராசுக்குட்டியின் கண்ணில் குறை காண முடியாது.

'ஆரண்ய காண்ட'மும் வடசென்னைக் கதைதான். ஆனாலும் ராயபுரம், திருவொற்றியூர்ப் பக்கத்து ரசிகர்களில் பலருக்கு வெற்றிமாறனின் 'வடசென்னை'தான் (2018) தங்கள் படம். கேரம் பலகை, மீனவர் குடியிருப்பு, நிலத்துக்கான சண்டை எல்லாம் அதில் உண்டு. ரஞ்சித்தின் 'சார்பட்டா பரம்பரை' (2021) குத்துச்சண்டை மரபையே மீட்டெடுத்தது. இரண்டும் ஊரின் வரலாறு. குமாரராஜாவுக்கோ ஒரு நாள் போதும். ஊரை விட, அதற்குள் மாட்டிக்கொண்ட மனிதர்களே அவருக்கு முக்கியம்.

'ஆரண்ய காண்ட'த்தின் அந்த ஒரு நாளைத் திரைக்குக் கொண்டுவரப் பட்ட பாடு பெரிது. 2010-ல் நியூயார்க் தெற்காசியத் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் பெரும் பரிசு கிடைத்தது. இங்கே தணிக்கை வாரியம் 52 வெட்டுகள் கேட்டது. தயாரிப்பாளர் எஸ்.பி.பி. சரண் பணியாமல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வரை போனார். 2011 ஜூன் 10-ல் வெளியான படம் வசூலில் தோற்றது. அறிமுக இயக்குநருக்கும் படத்தொகுப்புக்கும் தேசிய விருதுகள் பிறகு வந்தன.

அந்தத் தீர்ப்பாயத்தை 2021-ல் ஒன்றிய அரசு கலைத்துவிட்டது. தணிக்கையை எதிர்க்க இன்று ஒரு புதிய இயக்குநர் உயர் நீதிமன்றப் படிதான் ஏற வேண்டும். வடசென்னையின் தண்டையார்பேட்டையில் 1967 முதல் ஓடிய அகஸ்தியா திரையரங்கமும் 2020-ல் மூடப்பட்டது. 'ஆரண்ய காண்ட'த்தைப் போலப் பாடலே இல்லாத ஒரு படத்துக்கு அரங்கமும் பணமும் தர இப்போது யார் முன்வருவார்கள்?

குரு சோமசுந்தரத்தையும் தமிழ் சினிமா 'ஜோக்கர்' (2016) போல ஒன்றிரண்டில்தான் முழுதாகப் பயன்படுத்தியது. 2021-ல் 'மின்னல் முரளி'யில் ஷிபு என்ற மறக்க முடியாத வேடத்தை அவருக்குத் தந்தது மலையாளம்.