'சார்ஜன்ட் பெப்பர்' இசைத்தொகுப்பின் உயர் தெளிவுப் பதிப்புகள்

'சார்ஜன்ட் பெப்பர்ஸ் லோன்லி ஹார்ட்ஸ் கிளப் பேண்ட்' என்பது இங்கிலாந்தின் பீட்டில்ஸ் குழு 1967-இல் வெளியிட்ட ராக் இசைத்தொகுப்பு. ஜார்ஜ் மார்ட்டின் தயாரிப்பாளர். ஜெஃப் எமெரிக் ஒலிப்பொறியாளர். இத்தொகுப்பு 1987-இல் குறுந்தகடாகவும், 2009-இல் ரீமாஸ்டர் பதிப்பாகவும், 2017-இல் ரீமிக்ஸ் பதிப்பாகவும் வந்தது. பின்னிரண்டும் 24 பிட் கோப்புகளாகவும் விற்கப்பட்டன. குறுந்தகட்டைவிட இவை உயர்ந்தவை என்ற எண்ணத்துக்கு அந்த எண் பெரிய காரணம். அது எவ்வளவு பொருந்தும் என்று பார்க்க வேண்டியுள்ளது.

மூலப்பதிவு

லண்டன் ஆபி ரோடு கூடத்தில் நான்கு தட நாடாக்களில் இப்பாடல்கள் பதிவாயின. தடங்கள் நிறைந்ததும் அவற்றைக் கலந்து வேறொரு நாடாவுக்கு மாற்றி, மீதித் தடங்களில் புதிய ஒலிகளைச் சேர்த்தனர். ஒவ்வொரு மாற்றத்திலும் நாடாவின் இரைச்சல் கூடியது.

அக்காலத்தில் மோனோ கலவையே முதன்மையானது. குழுவினர் அதில்தான் அக்கறை காட்டினர். ஸ்டீரியோ கலவை குறைந்த நேரத்தில் முடிக்கப்பட்டது. 'ஷீ இஸ் லீவிங் ஹோம்' பாடல் மோனோவில் சற்று வேகமாகவும், ஸ்டீரியோவில் மெதுவாகவும் ஒலிக்கும். ஆகவே தொடக்கத்திலேயே இத்தொகுப்புக்கு இரண்டு பாடங்கள் இருந்தன.

எண்கள் சொல்வது

குறுந்தகடு ஒரு நொடிக்கு 44,100 மாதிரிகளை எடுக்கிறது. ஏறத்தாழ 22,000 ஹெர்ட்ஸ் வரையுள்ள ஒலியைப் பதிய இது போதும். மனிதச் செவியின் எல்லை சுமார் 20,000 ஹெர்ட்ஸ். வயது ஏற ஏற அதுவும் குறையும். 16 பிட் அளவு, மிக மெல்லிய ஒலிக்கும் மிக உரத்த ஒலிக்கும் இடையே சுமார் 96 டெசிபல் இடம் தருகிறது. 24 பிட் கோட்பாட்டளவில் 144 டெசிபல் தரும். ஆனால் 1967-இன் நாடா 96 டெசிபலைக்கூட எட்டாது. படி நெல்லை மரக்காலில் கொட்டினால் நெல் கூடிவிடாது.

'எ டே இன் தி லைஃப்' பாடலின் இறுதிப் பியானோ ஒலி 40 நொடிகளுக்கு மேல் நீண்டு தேய்கிறது. அது தேயத் தேயப் பொறியாளர் ஒலியளவை உயர்த்தினார். அதனால் கூடத்தின் சிறு சத்தங்களும் கேட்கின்றன. கூடுதல் பிட்டுகள் இங்கே அந்த இரைச்சலைத்தான் துல்லியமாகப் பதிகின்றன.

2007-இல் மேயர், மோரன் இருவரும் வெளியிட்ட சோதனையில், கேட்பவர்களால் உயர் தெளிவு ஒலியையும் குறுந்தகட்டுத் தர ஒலியையும் பிரித்தறிய முடியவில்லை. 2016-இல் ஜோஷுவா ரைஸ் பல சோதனைகளைத் தொகுத்து ஆராய்ந்தபோது சரியான விடைகள் 52.3 விழுக்காடு. வேறுபாடு இருந்தாலும் மிகச் சிறியது. ஒலிக்கூடத்தில் பலமுறை திருத்தும்போது பிழை சேராமல் இருக்க 24 பிட் பயன்படுகிறது என்பது வேறு செய்தி.

மதிப்பீடு

2017 பதிப்பின் மேன்மை வேறிடத்தில் இருக்கிறது. ஜார்ஜ் மார்ட்டினின் மகன் ஜைல்ஸ் மார்ட்டினும் பொறியாளர் சாம் ஓக்கெல்லும் கலப்பதற்கு முந்தைய நாடாக்களுக்கே சென்று ஒலிகளைத் தனித்தனியே எடுத்தனர். மோனோ கலவையை வழிகாட்டியாகக் கொண்டனர். 'ஷீ இஸ் லீவிங் ஹோம்' மோனோவின் வேகத்தைப் பெற்றது. டிரம்ஸும் பாஸ் கிடாரும் முன்னுக்கு வந்தன. இம்மாற்றங்களைச் சாதாரண எம்பி3 கோப்பில்கூட எவரும் உணரலாம்.

இதன் குறையும் இதுவே. ரீமாஸ்டர் பழைய கலவையைத் துலக்குவது. ரீமிக்ஸ் புதிய கலவையைச் செய்வது. பின்னது ஒருவகை உரை, மூலம் ஆகாது. தாளம் இவ்வளவு ஓங்கி ஒலிப்பது இன்றைய செவிக்கான முடிவு. 1967-இன் ஒலியை அறிய விரும்பும் மாணவர் மோனோ பதிப்பையே முதலில் கேட்க வேண்டும். பிறகு 2017 பதிப்பைக் கேட்டால் எது கூடியது, எது மாறியது என்பது விளங்கும். புதிய பதிப்பை வாங்குவோர் பிட் எண்ணிக்கையைவிட, எந்த நாடாவிலிருந்து, யாருடைய கலவையில் வந்தது என்பதைப் பார்ப்பதே பயன் தரும்.