இயல்பு எனும் ஈட்டம்: ஜான் மஹோனியின் நடிப்பு

1993 முதல் 2004 வரை 11 பருவங்களாக, 264 பகுதிகளாக அமெரிக்காவில் ஒளிபரப்பான ‘ஃபிரேசியர்’ என்னும் சிட்காம் தொடரில் மார்ட்டின் கிரேன் என்ற தந்தை பாத்திரத்தை ஏற்றவர் ஜான் மஹோனி. மார்ட்டின் சியாட்டில் நகரத்து ஓய்வுபெற்ற காவல்துறைத் துப்பறிவாளர். பணியில் பட்ட குண்டுக் காயத்தால் கைத்தடியூன்றி நடப்பவர். மனநல மருத்துவர்களான மகன்கள் இருவரின் உயர்குடிப் பகட்டோடு ஒட்டாதவர். மகன்களாக நடித்தோரின் நடிப்பைத் ‘திறன்’ என்றும், மஹோனியினுடையதை ‘இயல்பு’ என்றும் பிரித்துப் பேசும் வழக்கம் உண்டு. அவர் அவராகவே வந்துபோனார் என்னும் பொருள் இதில் தொக்கி நிற்கிறது. அவரது வாழ்க்கைப் பாதை இக்கருத்துக்கு இடந்தரவில்லை.

மஹோனி 1940இல் இங்கிலாந்தின் பிளாக்பூலில் பிறந்து மான்செஸ்டரில் வளர்ந்தவர். இளமையில் அமெரிக்காவுக்குப் பெயர்ந்து இராணுவத்தில் பணியாற்றியவர், தம் பிறப்பிடத்துப் பேச்சொலியை முயன்று களைந்தார். ஆங்கில ஆசிரியராகவும் மருத்துவ இதழொன்றின் பதிப்பாசிரியராகவும் இருந்த பின்னர், முப்பத்தேழு வயதளவில்தான் நடிப்புக்கு வந்தார். சிகாகோவின் ஸ்டெப்பன்வூல்ஃப் நாடகக் குழுவே அவரது பயிற்சிக்களம். 1986இல் ‘தி ஹவுஸ் ஆஃப் புளூ லீவ்ஸ்’ நாடகத்துக்காக டோனி விருது பெற்றார். தொடரில் மான்செஸ்டர்க்காரியாக வரும் டாஃப்னியின் பேச்சொலி, வேறு பகுதியைச் சேர்ந்த நடிகை பயின்று பேசியது; அவ்வூரிலேயே வளர்ந்தவரோ அருகில் அமர்ந்து அமெரிக்கக் காவலராகப் பேசுகிறார். ‘இயல்பு’ எனப் பாராட்டப்பெற்ற அக்குரலே ஈட்டிக்கொண்டதுதான். மூத்த மகனாக நடித்த கெல்சி கிராமருக்கும் அவருக்கும் வயது வேறுபாடு பதினைந்து ஆண்டுகூட இல்லை என்பதையும் இங்கே நினைக்கலாம்.

1989இல் வெளிவந்த ‘சே எனிதிங்’ திரைப்படம் இதற்கு உரைகல்லாக அமையும். அதில் மஹோனி ஏற்ற ஜிம் கோர்ட், மகள்மீது உயிரையே வைத்திருக்கும் தந்தை. தாம் நடத்தும் முதியோர் இல்லத்தாரின் பணத்தைக் கையாடுபவரும் அவரே. அன்புக்கு ஒரு முகம், வஞ்சனைக்கு வேறொரு முகம் என மஹோனி பிரிக்கவில்லை. உண்மை வெளிப்பட்ட பின்னும் அதே கனிந்த பார்வை நீடிப்பதால், பார்ப்போர் தாம் முன்பு நம்பியதையே ஐயுற நேர்கிறது. மார்ட்டினிடம் காணும் நேர்மையும் இதே பார்வையால், இதே தாழ்ந்த குரலால் ஆனது. ஒரே கருவிகள் கையாடல்காரரையும் காவலரையும் படைக்குமாயின், அவற்றை நடிகரின் சொந்தக் குணம் என்பது பொருந்தாது.

முதற்பருவத்தில், மகன்கள் தந்தைக்குப் பிடித்த எளிய உணவகத்தில் அமர்ந்து ஒவ்வொன்றையும் எள்ளிச் சிரிக்கும் காட்சி நோக்கத்தக்கது. மார்ட்டின் நெடுநேரம் பொறுத்திருக்கிறார். பின் மறைந்த மனைவியை நினைவுகூர்ந்து, உயர்ந்த சுவைகள் உடையவளாயினும் எவரையும் தாழ்வாக உணரச் செய்தவள் அல்லள் என்று கூறி எழுகிறார். அவர் சொல்லும் சொற்களைவிட, அதற்கு முன் அவர் கேட்டுக்கொண்டிருந்த விதமே காட்சியைத் தாங்குகிறது. அடுத்தவர் பேசும்போது தாம் என்ன செய்வது என்பது குழுநாடக நடிகர் கற்கும் பாடம். அதே பருவத்தில் ஒட்டுநாடா சுற்றிய அவரது பழைய நாற்காலி அகற்றப்படும்போதும் அவர் பெரிதாக வெடிப்பதில்லை. அதில் உறங்கிவிட்ட இரவுகளில் மனைவி முத்தமிட்டு எழுப்பியதை, பொருட்பட்டியல் வாசிப்பவர்போல் சொல்கிறார். கிராமரின் அடுத்த வசனம் தயங்கியே வருகிறது.

எம்மி விருதுக்கு இருமுறை பரிந்துரைக்கப்பட்டும் அவருக்கு அது கிட்டவில்லை. மகன்களாக நடித்த இருவரும் பலமுறை பெற்றனர். துணைப்பாத்திரத்தின் உழைப்பு எங்கே மறைகிறது என்பதை இவ்வேறுபாடு ஓரளவு காட்டுகிறது. மஹோனி சிகாகோ மேடையை விடவேயில்லை. தொடர் முடிந்த பின்னும் ஸ்டெப்பன்வூல்ஃபில் நடித்துவந்தார். 2017இல் அங்கு ‘தி ரெம்பிராண்ட்’ நாடகத்தில் தோன்றி, 2018 பிப்ரவரியில் மறைந்தார்.