சயாம் மரண இரயில் நினைவுகள்: புனைவும் சான்றும் வரலாறும்

காஜாங் நகருக்கு அருகில் முன்பு பிராங் பெசார் தோட்டம் இருந்தது. முதல் உலகப் போரில் பங்கேற்றுத் திரும்பிய பிரித்தானியப் படைவீரர்கள் 1921ஆம் ஆண்டில் அதனைத் தொடங்கி, ‘பெரும் போர்’ எனப் பொருள்படும் மலாய்ப் பெயரை அதற்குச் சூட்டினர். 1990களில் அந்நிலம் புத்ராஜெயாவாக உருமாறத் தொடங்கும் வரை, அங்குப் பால்மரம் சீவிய தமிழர்கள் தாம் காணாத ஒரு போரின் நினைவைத் தம் முகவரியில் சுமந்து வாழ்ந்தனர். தம் இனத்தார் ஆயிரக்கணக்கில் மாண்ட மற்றொரு போருக்கு அவர்களால் இவ்வாறு பெயர் சூட்ட இயலவில்லை. யாருடைய துயர் நினைவாகிறது, யாருடைய துயர் வெறும் பேச்சாகத் தேய்கிறது என்னும் வினாவை இம்முரணிலிருந்தே நாம் தொடங்குகிறோம்.

சயாம்–பர்மா இரயில்பாதை 415 கிலோமீட்டர் நீளமுடையது. 1942ஆம் ஆண்டின் நடுப்பகுதியில் தொடங்கிய பணி 1943 அக்டோபர் 17ஆம் நாள் நிறைவுற்றது. நேச நாட்டுப் போர்க்கைதிகள் 60,000க்கும் மேற்பட்டோர் அதில் உழைத்தனர். ஏறத்தாழ 12,000 பேர் இறந்தனர். ஆசியத் தொழிலாளர்களின் தொகை இதனினும் பன்மடங்கு பெரிது. மலாயாவிலிருந்து மட்டும் 75,000 பேர் அளவில் கொண்டுசெல்லப்பட்டனர் என்பது வரலாற்றாசிரியர் பலர் ஏற்கும் மதிப்பீடு. அவர்களுள் பெரும்பான்மையோர் தோட்டத் தமிழர்.

போர் முடிந்தவுடன் நடந்த ஒரு பணி இங்குச் சிறப்பாகக் கருதத்தக்கது. 1945 செப்டம்பர் 22 முதல் அக்டோபர் 10 வரை, கல்லறைகளைத் தேடும் குழுவொன்று பாதை நெடுகப் பயணம் செய்து, 144 இடுகாடுகளில் 10,549 கல்லறைகளை அடையாளங் கண்டது. முகாம்களில் அதிகாரிகள் மறைத்து வைத்திருந்த பெயர்ப் பட்டியல்களும் நாட்குறிப்புகளும் இதற்குத் துணை நின்றன. எஞ்சிய கல்லறைகள் பின்னர் ஒழுங்குபடுத்தப்பட்டமையால், இன்று காஞ்சனபுரிப் போர்க் கல்லறையில் ஏறத்தாழ 7,000 பேர் துயில்கின்றனர். பெயர் அறியப்பட்டோருள் பெரும்பாலோருக்குப் பெயர் பொறித்த கல் உண்டு. அதே பாதையில், அதே வாந்திபேதியில் இறந்த தமிழரைத் தேடுவது அக்குழுவின் பொறுப்பில் இல்லை. அவர்கள் குழிகளில் மொத்தமாகப் புதைக்கப்பட்டனர், சிலர் எரிக்கப்பட்டனர். அவர்கள் பெயரை எழுதி வைக்க முகாமில் ஒருவரும் இல்லை. எழுத்தறிவும் படைநிருவாகமும் சேர்ந்த இடத்தில் நினைவு தங்கியது. அவை இல்லாத இடத்தில் நழுவியது. கைதிகளின் துயர் சிறிதென்பது நம் கருத்தன்று. அவர்கள் எவ்வாறு நினைவைக் காத்தனர் என்பதை நாம் கற்றிருக்க வேண்டும் என்பதே நம் கருத்து.

உலகம் இவ்வரலாற்றை அறிந்தது டேவிட் லீனின் 1957ஆம் ஆண்டுத் திரைப்படத்தின் வழியாகவே எனலாம். அப்படம் இலங்கையில், தமிழர் வாழும் தீவில் படமாக்கப்பட்டது. எனினும் மலாயாத் தமிழரின் துயர் அதன் கதையாகவில்லை. இதனை நகைமுரண் என்று சொல்லிக் கடந்துவிடலாம். ஆயினும் நம் பக்கத்து மௌனத்திற்கு அந்தப் படத்தை மட்டும் குற்றம் கூறுவது முறையாகாது.

தமிழில் இத்துயரைப் பெருமளவில் எழுத்தாக்கியவர்கள் நாவலாசிரியர்கள். ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ ஆகிய இரண்டும் இத்துறையில் தவிர்க்க முடியாத படைப்புகள். இவை தோன்ற அரை நூற்றாண்டு பிடித்தது என்பதே ஒரு செய்தி. ரெங்கசாமி போர்க்காலத்தில் சிறுவனாக இருந்தவர். தோட்ட வாழ்வை உள்ளிருந்து அறிந்தவர். அவருடைய நாவலின் தலைப்பே நம் வினாவிற்கு ஒருவகை விடை: கல்லில் எழாத சின்னத்தைச் சொல்லில் எழுப்ப அவர் முனைந்தார். இவ்விரு நாவல்களும் இல்லையெனில், மலேசியத் தமிழ் மாணவருக்குக் ‘கம்பம்’ என்பது வெறும் சிற்றூராகவே தெரிந்திருக்கும். நோயும் பசியும் நிறைந்த மூங்கில் கொட்டகை அவர் மனத்தில் எழுந்திராது.

இங்குத்தான் நம் திறனாய்வுலகின் குறையொன்றைச் சுட்ட வேண்டியுள்ளது. இந்நாவல்களை நாம் வரலாறாகவே படிக்கப் பழகிவிட்டோம். தேர்வு வினாத்தாளிலும் கருத்தரங்கக் கட்டுரையிலும் ‘நாவல் காட்டும் உண்மை’ என்று எளிதாக எழுதிவிடுகிறோம். புனைவுக்குத் தனிப்பட்ட ஓர் உண்மை உண்டு. ஆனால் அது சாட்சியத்தின் உண்மையன்று. நாவலுக்குத் தலைமகன் தேவை, தொடர்ச்சி தேவை, முடிவு தேவை. உயிர்தப்பி வந்தவரின் பேச்சில் இம்மூன்றும் பெரும்பாலும் இரா. காஜாங் வட்டாரத்து முதியோரிடம் நாம் கேட்ட பேச்சுகளில் திரும்பத் திரும்ப வந்த தொடர் இரண்டே: ‘சயாமுக்குப் பிடிச்சிட்டுப் போனாங்க’, ‘போனவரு வரல’. முதல் தொடரில் எழுவாய் இல்லை. பிடித்தவர் யார்? சப்பானியப் படையா, தோட்டத்துக் கிராணியா, கங்காணியா? கேட்டால் பேச்சு நின்றுவிடும். தோட்டந்தோறும் ஆள் கணக்குக் கேட்கப்பட்டபோது, எவர் பெயர் முதலில் எழுதப்பட்டது, எவர் பெயர் விடப்பட்டது என்பது பின்னும் பல்லாண்டு ஒரே லயத்தில் வாழ நேர்ந்த குடும்பங்களுக்கு எளிய செய்தியன்று. அத்தொடரில் தொக்கி நிற்கும் எழுவாயே வரலாற்றாசிரியர் தேட வேண்டியது.

மூன்று மாத வேலை, நாளொன்றுக்கு ஒரு வெள்ளி, உணவும் உறைவிடமும் என்னும் வாக்குறுதிகளை நம்பிச் சென்றவரும் உண்டு. நாக்காஹாரா மிச்சிக்கோ, பால் கிராதோஸ்கா போன்றோரின் ஆய்வுகள் ஆட்சேர்ப்பு முறைகளை விளக்கியுள்ளன. சப்பானிய நாட்டு ஆய்வாளர் ஒருவரே இதனை ஆராய்ந்திருப்பது பாராட்டத்தக்கது. அவர்தம் முடிவுகள் நம் பள்ளி, கல்லூரித் தமிழ் வகுப்பறைகளில் போதிய அளவு பேசப்படவில்லை என்பது வருந்தத்தக்கது. கிள்ளானைச் சேர்ந்த சீ. அருண், எஞ்சியிருந்தோரைத் தேடிச் சென்று அவர்தம் சொற்களை நூலாக்கியமை இவ்விடைவெளியை ஓரளவு நிரப்பியது. ஆயினும் அவர் சந்தித்தபோது அம்முதியோர் வாழ்வின் விளிம்பில் இருந்தனர். இருபதாண்டு முன்னர் ஒரு பல்கலைக்கழகம் செய்திருக்க வேண்டிய பணியைத் தனியொருவர் செய்ய நேர்ந்தது. நாம் இத்துறைக்குள் இருந்துகொண்டே இதனைச் சொல்கிறோம். குற்றம் நம்மையும் சாரும்.

ஆர்மீனியர்களை இங்கு ஒப்பிடுவது பயன்தரும். 1915இல் தொடங்கிய பேரழிவிலிருந்து தப்பி, பெய்ரூட், பாரிஸ், பாஸ்டன் எனச் சிதறியோர், அழிந்த தம் ஊர்கள் பலவற்றிற்கு நினைவு நூல்கள் எழுதினர். ஊரின் தெருக்கள், தேவாலயங்கள், குடும்பங்கள், வழக்குச் சொற்கள் எனப் பலவும் அவற்றில் இடம்பெற்றன. வெர்ஜினே ஸ்வாஸ்லியன் என்னும் நாட்டார் வழக்காற்று ஆய்வாளர், 1955 முதல் உயிர்தப்பியோரின் கூற்றுகளோடு அவர்கள் பாடிய பாடல்களையும் தொகுத்தார். அவற்றுள் துருக்கிய மொழிப் பாடல்களும் உண்டு. துன்புறுத்திய அரசின் மொழியிலேயே துயர் பாடப்பட்டிருந்தும் அவர் அவற்றை விலக்கவில்லை. சோவியத் ஆட்சியில் இப்பேச்சு வெளிப்படையாக வரவேற்கப்படாத ஆண்டுகளிலும் பணி தொடர்ந்தது. யெரெவானில் நினைவுச் சின்னம் எழுந்தது 1967இல்.

நம்மிடமும் ஒப்பாரி இருந்தது. முத்தம்மாள் பழனிசாமி தோட்டப்புறப் பாடல்களைத் தொகுத்தளித்தமை பெருந்தொண்டு. ஆனால் தொகுக்கப்பட்ட பாடல்களை நாம் தாலாட்டு, தெம்மாங்கு, ஒப்பாரி என வகைப்படுத்தியதோடு அமைந்தோம். எந்தச் சாவுக்கு எந்த ஆண்டில் பாடப்பட்டது என வினவவில்லை. பிணம் இல்லாத சாவுக்கு ஒப்பாரி எவ்வாறு பாடுவது? சயாமுக்குப் போனவனின் மனைவி தாலியைக் கழற்றினாளா, எத்தனை ஆண்டு காத்திருந்தாள், மறுமணம் செய்தாளா, முதல் கணவன் திரும்பி வந்தால் என்ன ஆயிற்று? நாட்டார் வழக்காற்றியலாரும் வரலாற்றாசிரியரும் ஒருங்கே கேட்க வேண்டிய வினாக்கள் இவை. நாவல்கள் பெரிதும் பாதையை நோக்கியே சென்றமையால், தோட்டத்திலேயே தங்கிவிட்ட பெண்கள் விளிம்பில் நின்றுவிட்டனர். மரவள்ளிக் கிழங்கைக் கொண்டு பிள்ளைகளைக் காத்த அவர்களும் உயிர்தப்பியவர்களே.

எண்களைப் பற்றி ஒரு சொல். இலட்சத்திற்கும் மேற்பட்ட தமிழர் அப்பாதையில் மாண்டனர் என மேடைகளிலும் ஏடுகளிலும் கூறப்படுகிறது. பர்மியர், சாவகர், சீனர், மலாய்க்காரர் உள்ளிட்ட ஆசியத் தொழிலாளர் அனைவரின் இறப்பையும் சேர்த்தே 80,000 முதல் 100,000 வரை என்பதுதான் ஆய்வாளர் பலரின் மதிப்பீடு. மிகைப்படுத்துவது இறந்தோர்க்குச் செய்யும் சிறப்பன்று. ஓர் எண் பொய்யென நிறுவப்பட்டால், அதனோடு சேர்ந்து மெய்யான ஆயிரங்களும் ஐயத்திற்குள்ளாகும். மறுப்போருக்கு இடந்தராத வகையில் ஆவணத்தை ஆவணத்தோடு பொருத்திக் காட்டும் கடமையை ஆர்மீனிய வரலாற்றாசிரியர்கள் பலர் ஏற்றது இதனாலேயே.

நேரில் கண்டோர் இன்று அனேகமாக இல்லை. அவர்தம் மக்கள் எழுபதும் எண்பதும் கடந்து, தோட்டங்கள் துண்டாடப்பட்ட பின் காஜாங், செமினி, பந்திங், கிள்ளான் வீடமைப்புப் பகுதிகளில் வாழ்கின்றனர். அவர்களிடம் இருப்பது கேட்டறிந்த நினைவு. அதனைக் கண்டறிந்த நினைவாக எழுதுதல் தவறு. ஆனால் ஒரு பெயர், ஒரு தோட்டம், போன ஆண்டு ஆகியவற்றை அவர்களால் சொல்ல இயலும். தமிழ்ப்பள்ளி ஆசிரியர் ஒருவர் ஒரு வட்டாரத்தில் இம்மூன்றையும் மட்டும் திரட்டினாலும், 1945இல் அக்குழு எழுதாது விட்ட பட்டியலின் முதற்பக்கம் நம் கையில் இருக்கும்.