குறி களைதலும் பொருள் களைதலும்: அருளிச்செயல் மின்பதிப்புகளைப் பற்றிய ஓர் ஆய்வு

ஓசூர் என்னும் பெயர் ‘புதிய ஊர்’ எனப் பொருள்படும் கன்னடச் சொல்வழி வந்தது. கன்னடத்தில் அதன் முதலுயிர் குறில், தமிழில் நெடில். ரோமன் எழுத்தில் எழுதுங்கால் இவ்வேறுபாடு மறைகிறது. ஆயினும் பலகையில் அருகே தமிழ் எழுத்தும் நிற்பதால் எவரும் வழி தவறுவதில்லை. மூல எழுத்து உடன் நில்லாதபோது நேர்வது என்ன என்பதே இங்கு ஆராயப்படுகிறது.

ஓசூர், கிருஷ்ணகிரி எல்லைப் பகுதி தமிழும் கன்னடமும் தெலுங்கும் கலந்து வழங்கும் நிலம். சிப்காட் தொழிற்பேட்டைகள் பல மாநிலத்தாரையும் அங்குக் குடியேற்றியுள்ளன. தமிழ் எழுத்தறியாமலே அருளிச்செயலை அநுஸந்திக்க விழையும் பாகவதர்கள் இத்தகைய இடங்களில் உண்டு. எல்லைக்கு அப்பால் திருநாராயணபுரத்திலும் திவ்யப்ரபந்தம் தமிழிலேயே ஓதப்படுகிறது. ரோமன் எழுத்தில் பயில்வோர்க்கு, எழுத்தின் மேலும் கீழும் இட்ட கோடும் புள்ளியுமே தமிழெழுத்தின் எஞ்சிய அடையாளம்.

சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி (1924–1936) கையாண்ட முறையில் ‘எல்’ என்னும் ரோமன் எழுத்துக் குறியின்றி நின்றால் லகரம். கீழ்ப்புள்ளி பெற்றால் ளகரம். கீழ்க்கோடு பெற்றால் ழகரம். உயிரின்மேல் இட்ட கோடு நெடிலைக் காட்டும். கணினி நிரல்களோ இக்குறிகளைக் களைந்து வெற்றெழுத்தாக்கும் வழக்கமுடையன. யூனிகோட் முறைப்படி குறியுடைய எழுத்தை அடியெழுத்தும் சேர்குறியுமாகப் பிரித்து, சேர்குறிகளை நீக்கிவிடுவதே அவ்வழக்கம். ஐரோப்பியப் பெயர்களைத் தேடுவதற்கு அது பெரிதும் உதவுகிறது.

அதனை அருளிச்செயல் மின்பதிப்பில் அப்படியே கையாண்டால், திருவாழியைக் குறிக்கும் ஆழியும், சிங்கமாகிய ஆளியும், திருமங்கையாழ்வாரின் ஆலியும் ஒரே மூன்றெழுத்தாகின்றன. அம்மட்டோ! அருளுதலாகிய ‘அளி’யும் கெடுத்தலாகிய ‘அழி’யும் அம்மூன்றெழுத்திலேயே அடங்குகின்றன. இறைவனாகிய ‘இறை’ ‘இரை’யாகிறது. வ்யாக்யானமாகிய ‘உரை’க்கும் எம்பெருமான் உறையும் ‘உறை’க்கும் வேறுபாடில்லை.

ஸம்ஸ்க்ருதப் பகுதியில் இழப்பு இன்னும் பெரிது. நாராயண சப்தத்தின் இறுதி நகரம் ணகரமாவது, அது ஸம்ஜ்ஞாபதம் என்பதால். பாணினியின் 8.4.3ஆம் ஸூத்ரம் இதற்கு விதி. இத்திருநாமம் வேறு தேவதைகளுக்குச் செல்லாது என்னும் வாதத்திற்கு இந்த ணத்வம் பெருந்துணை. ரோமன் எழுத்தில் அந்த ணத்வத்தைக் காட்டுவது கீழ்ப்புள்ளி ஒன்றே. மேலும், முமுக்ஷுப்படியில் பிள்ளை லோகாசார்யர் நாரங்கள் என்பதை நித்யவஸ்துக்களின் திரளாக விளக்குகிறார். அந்த ‘நார’ சப்தத்தை ‘நர’ சப்தத்திலிருந்து பிரிப்பது முதலுயிரின் நெடில். குறி களைந்தால் இவ்விரண்டும் மறைகின்றன.

இங்கு ஒரு பூர்வபக்ஷம் எழும். ஏடுகளிலும் புள்ளி பெரும்பாலும் இடப்படவில்லை. எகர ஒகரங்களில் குறிலும் நெடிலும் பிரிக்கப்படவில்லை. காலும் ரகரமும் ஒரே வடிவில் நின்றன. அவ்வேடுகளைக் கொண்டே பூர்வாசார்யர்கள் ஸம்ப்ரதாயத்தை வளர்த்தனர். ஆகவே குறியின்மை குறையாகாது என்பர்.

இது பொருந்தாது. ஏட்டில் இல்லாத புள்ளி ஓதுவிப்பவர் திருவாக்கில் இருந்தது. சந்தை சொல்லிக் கற்றவர் செவியால் முன்னரே அறிந்ததை ஏட்டில் கண்டனர். மின்பதிப்பைத் தனித்திருந்து படிப்பவர்க்கு அத்துணை இல்லை. மேலும், ஏடு எழுதியவர் புள்ளியிடாதது அக்காலத்து எழுத்து மரபு. பதிப்பாசிரியர் ஆராய்ந்து இட்ட குறியை நிரல் அழிப்பதோ கிடைத்த பாடத்தைக் கெடுப்பதாகும்.

தேடுதல் எளிதாகும் என்பது மற்றொரு பக்ஷம். தேடலில் நெகிழ்ச்சி வேண்டுமென்பது ஏற்கத்தக்கதே. ஆனால் வெறும் குறி களைதல் அப்பயனையும் முழுமையாகத் தருவதில்லை. க்ருஷ்ண சப்தத்தின் குறிகளை நீக்கினால் எஞ்சும் ரோமன் வடிவில் முதலுயிருக்கு இடமே இல்லை. ‘ஷ’வைக் காட்ட மக்கள் சேர்க்கும் ‘எச்’சும் இல்லை. கிருஷ்ணகிரி என்னும் ஊர்ப்பெயரையே அவ்வடிவில் எவரும் தட்டச்சு செய்யார். ஆழ்வார் என்பதைத் தேடுவோர் பலர் ழகரத்திற்கு ‘இசட் எச்’ இடுவர். களைந்த வடிவிலோ ‘எல்’ மட்டுமே நிற்கும். எழுத்துக்கு எழுத்து மாற்று காட்டும் அட்டவணையே இதற்கு வழி.

இந்நிரல் தமிழெழுத்தின்மேல் ஏவப்படின் விளைவு கொடிது. யூனிகோட் வகைப்பாட்டில் மெய்ப்புள்ளியும் ஈகாரக் குறியும், ரோமன் எழுத்தின் மேற்கோடு அடங்கும் அதே சேர்குறி வகையில் அடங்கும். அவ்வகை முழுவதையும் நீக்கும் நிரல் நம்பிள்ளையை ‘நமபிளளை’ ஆக்கும். கீதையைக் ‘கதை’ ஆக்கும். ‘ஸ்ரீ’ என்பதை ‘ஸர’ ஆக்கும். எம்பெருமானை ஒருபோதும் பிரியாத பிராட்டியின் திருநாமம் இங்ஙனம் உருவழிவதை எந்தப் பதிப்பாசிரியரும் பொறார்.

ஆகவே மின்பதிப்புச் செய்வோர் கொள்ளவேண்டிய முறை இது. மூலபாடம் எல்லாக் குறிகளுடனும் மாறாமல் காக்கப்படவேண்டும். எளிய வடிவம் தேடுவதற்கான தனித் திறவுகோலாக அட்டவணைவழி ஆக்கப்பட்டு, மூலத்தோடு இணைக்கப்படவேண்டும். குறி களையும் நிரல் ரோமன் எழுத்தளவில் நிற்கவேண்டும். தமிழ், கன்னடம், தெலுங்கு எழுத்துகளைத் தீண்டலாகாது. தேடியவர்க்குக் காட்டப்படுவது மூலபாடமாகவே இருத்தல் வேண்டும். குறியின்றித் தேடிய எல்லைப்புறத்து அன்பரும் அப்போது ஆழியையும் ஆலியையும் வேறுவேறாகக் கண்டு, அளிக்கும் பெருமானை அளிப்பவனாகவே ஓதுவர்.